பிஸேயின் இலங்கையும் என் பாரிசும்

பாரிசின் ஷாத்லே சதுக்கத்தில், இன்று நகர அரங்கு இயங்கும் இடத்தில், 1863 செப்டம்பர் 30 அன்று இலங்கைக் கடற்கரையைக் களமாகக் கொண்ட ஓர் இசைநாடகம் முதன்முதலாக மேடையேறியது. ‘முத்துக்குளிப்போர்’ என்னும் அந்த ஒப்பராவுக்கு இசையமைத்த ஜோர்ஜ் பிஸேக்கு அப்போது 24 வயது. மன்னார்ப் பக்கத்திலிருந்து அகதியாக வந்து, அதே சதுக்கத்துக்குக் கீழே நாள்தோறும் ரயில் மாறி உணவக வேலைக்குப் போய்க்கொண்டிருந்த எனக்கு, மாநகரசபை நடத்திய மாலைநேர பிரெஞ்சு வகுப்பில்தான் இச்செய்தி கிடைத்தது. எந்த ஊர் என்று கேட்ட ஆசிரியை, பதிலைக் கேட்டதும் அந்த ஒப்பராவில் நாதிர் என்னும் பாத்திரம் பாடும் பாடலை ஒலிக்கவிட்டு, இது உங்கள் நாட்டைப் பற்றியது என்றார்.

பாட்டு மனத்தில் நின்றுவிட்டது, கதைதான் ஒட்டவில்லை. ஒரே பெண்ணை விரும்பிய நாதிர், சுர்கா என்னும் இரு நண்பர்கள் அவளைத் துறந்து நட்பைக் காப்பதாக உறுதி கொள்கிறார்கள். குளியாளிகளைத் தீய சக்திகளிடமிருந்து காக்கப் பாறைமேல் நின்று பாடுவதற்காக முகத்திரையோடு அழைத்துவரப்படும் பூசாரிப் பெண் லெயிலாவோ அதே பெண். ஊரே பிரம்மாவை நோக்கிப் பாடுகிறது. எங்கள் பக்கத்து முத்துப் பார்களை, அதாவது சிப்பி விளையும் கடலடித் திட்டுகளைப் பற்றிக் கொஞ்சம் கேள்விப்பட்டவருக்கும் இங்கே சிரிப்பு வரும். சிலாபத்துறையிலும் அரிப்பிலும் முத்துக்குளிப்புக் காலத்தில் கூடியவர்களுள் 16ஆம் நூற்றாண்டிலேயே கத்தோலிக்கரான பரவரும் முஸ்லிம்களும் நிறைந்திருந்தார்கள்; பிரம்மாவைக் கூப்பிட அங்கே ஆளில்லை. நாதிர், சுர்கா, தலைமைப் பூசாரி நூராபாத் என்ற பெயர்களும் தமிழோ சிங்களமோ அல்ல. கதை முதலில் மெக்சிகோவில் நடப்பதாகத் திட்டமிடப்பட்டுப் பின்னர் இலங்கைக்கு இடம் மாற்றப்பட்டது என்று அறிந்தபோது எல்லாம் விளங்கிற்று. ஆனாலும் லெயிலாவுக்கு ஏறக்குறைய நிகரான ஓர் ஆள் மன்னாரில் உண்மையாகவே இருந்தார். குளிப்பு நடக்கும்போது மந்திரம் சொல்லிச் சுறாக்களின் வாயைக் கட்டுவதாக நம்பப்பட்ட அவரைக் கடல்கட்டி என்பார்கள். அவர் இல்லாமல் குளியாளிகள் கடலில் இறங்கமாட்டார்கள் என்பதால், ஆங்கிலேய அரசும் அவருக்குச் சம்பளம் கொடுத்து வைத்திருந்தது.

பிஸேயைத் தேடிப் போன எனக்கு அதிகம் அலைய வேண்டியிருக்கவில்லை. அவர் 1838இல் பிறந்த தூர் தொவேர்ன் தெருவும், பத்து வயது நிறையும் முன்பே சேர்ந்து படித்த பழைய கொன்செர்வத்துவார் என்னும் இசைக் கல்லூரியும் ஒன்பதாம் வட்டாரத்தில், நம்மவர்கள் மரக்கறியும் மீனும் வாங்கும் லாச்சப்பலிலிருந்து நடந்தே போகக்கூடிய தொலைவில் இருக்கின்றன. தந்தை, முடிதிருத்தலும் பொய்முடி செய்தலும் தொழிலாக இருந்தவர். பிறகு பாட்டு வாத்தியாரானார். மகன் 18 வயதில், இளம் இசையமைப்பாளர்களுக்கான ரோமாபுரிப் பரிசை வென்றும் வசதியாக வாழவில்லை. ‘முத்துக்குளிப்போர்’ 18 மேடையேற்றங்களோடு நின்றுபோனது. பத்திரிகைகள் பெரும்பாலும் ஏளனம் செய்தபோது, இசையமைப்பாளர் பெர்லியோஸ் மட்டும் மதித்து எழுதினார். அதன்பின் பிஸே, பிறருடைய ஒப்பராக்களைப் பியானோவுக்கு ஏற்பச் சுருக்கி எழுதிப் பதிப்பாளர்களுக்குக் கொடுக்கும் கூலிவேலையில் நாளுக்குப் பதினைந்து, பதினாறு மணி நேரம் செலவிட்டார். பதிப்பாளர் கேட்டதற்காக அற்பமான நடன மெட்டுகளுக்கும் வாத்தியப் பகுதி எழுதினார். பளிங்குச் சிலையாகவே நான் எண்ணியிருந்த ஒருவர் இரட்டை வேலை செய்பவராக மாறியது எனக்குப் பிடித்திருந்தது. அவருடைய ‘கார்மென்’ ஒப்பரா 1875 மார்ச்சில் அரங்கேறி, மூன்று மாதங்களில் தம் 36ஆம் வயதில் பூஜிவாலில் அவர் இறந்தார். அதன் உலகப் புகழை அவர் காணவில்லை.

இந்த நாட்டின் இசை வரலாற்றை இப்படித் தொழில்வழியாகப் படிக்கத் தொடங்கியதும் அது அந்நியமாகத் தோன்றாமல் போயிற்று. இசையமைப்பாளர் எரிக் சத்தி 1898இல் வாடகை குறைந்த ஆர்க்கே புறநகருக்குக் குடிபெயர்ந்து, மொன்மார்த்தரின் கேளிக்கைக் கூடங்களில் பியானோ வாசித்துவிட்டு, நள்ளிரவுக்குப் பின் நகரத்தைக் குறுக்கே கடந்து நடந்தே வீடு போவார். கடைசி ரயிலைத் தவறவிட்ட எந்த உணவகத் தொழிலாளிக்கும் இதை விளக்கத் தேவையில்லை. அவர் 1925இல் இறக்கும்வரை அந்த அறைக்குள் நண்பர் எவரும் நுழைந்ததில்லை.

குடியுரிமைக் கோப்புக்காகக் கடதாசிகள் திரட்டிக்கொண்டிருந்த காலத்தில் இன்னொன்றையும் கவனித்தேன். பிரெஞ்சு ஒப்பராவைத் தோற்றுவித்தவராகப் போற்றப்படும் லுல்லி, புளோரன்சில் பிறந்த இத்தாலியர், 1661இல்தான் பிரெஞ்சுக்காரரானார். பாரிசியக் கேளிக்கையின் குரலாகவே கருதப்படும் ஒஃபன்பாக் ஜெர்மனியின் கொலோனிலிருந்து வந்த யூதர். அவருக்கு 1860இல் நாட்டுரிமை கிடைத்தது. இன்றைய பெல்ஜியத்தின் லியேஜில் பிறந்த இசையமைப்பாளர் செசார் ஃபிராங்கின் கதை இன்னும் சுவையானது. சாந்த் குளோத்தில்ட் தேவாலயத்தில் ஆண்டுக்கணக்காக ஓர்கன் வாசித்து, வீடு வீடாகப் போய்ப் பாடம் சொல்லிக்கொடுத்த அந்த மனிதர் 1872இல் கொன்செர்வத்துவார் பேராசிரியராக நியமிக்கப்பட்டபோது, சட்டப்படி அவர் பிரெஞ்சுக்காரர் அல்ல என்பது தெரியவந்தது. 1873இல் முறைப்படி நாட்டுரிமை பெற்றார். ஐம்பது வயதில் அவருக்கும் கோப்பு அலைச்சல்!

மகளை வட்டாரத்துக் கொன்செர்வத்துவாரில் சேர்த்தோம். வருமானத்தைப் பார்த்துக் கட்டணம் அறவிடுவதால் எங்களுக்கும் அது எட்டியது. அங்கே பாட்டுக்கு முன் சொல்பேஜ் வருகிறது: சுரத்தை எழுத்தில் பார்த்து, தாளத்தோடு வாயால் சொல்லும் பயிற்சி. சரளிவரிசை படித்த என் மனைவிக்கு ஒன்றுதான் விளங்கவில்லை. நம் ‘ச’ பாடுபவரின் சுருதிக்கேற்ப நகரும். இவர்களின் ‘தோ’ இருந்த இடத்திலேயே இருக்கும். வீட்டில் இதைப் பற்றி இன்றும் தர்க்கம் நடக்கிறது.

பிஸேயின் இறுதிச் சடங்கு திரினித்தே தேவாலயத்தில் நடந்தது. அதே தேவாலயத்தில் 1931 முதல் 1992இல் இறக்கும்வரை ஓர்கன் வாசித்தவர் இசையமைப்பாளர் ஒலிவியே மெஸ்ஸியான். சார்ங்கதேவரின் பழைய இந்திய இசை நூலான ‘சங்கீத ரத்னாகரம்’ தரும் 120 தேசி தாளங்களின் பட்டியலை ஒரு பிரெஞ்சு இசைக் கலைக்களஞ்சியத்தில் கண்டு, அவற்றைத் தம் படைப்புகளில் வாழ்நாள் முழுவதும் கையாண்டார். இன்னொரு பிரெஞ்சு இசையமைப்பாளர் மொரிஸ் டெலாஜ் 1912இல் இந்தியாவுக்கு நேரிலேயே போய், திரும்பி வந்து வெளியிட்ட நான்கு பாடல்களுள் முதலாவதற்கு மதராஸ் என்றே பெயரிட்டார். பிஸே இலங்கையைப் பார்த்தவரும் அல்லர், நம் இசையைக் கேட்டவரும் அல்லர். அவருடைய இலங்கை பாரிசில் தைத்த உடை. இருந்தும் மூவரில் நான் திரும்பத் திரும்பக் கேட்பவர் அவர்தான். ஆங்கிலக் கொம்பு என்னும் குழலும் செல்லோக்களும் தொடங்கிவைக்கும் அந்த நாதிரின் பாட்டு, தாலாட்டைப் போல ஆடி ஆடிப் போகிறது. அதில் இலங்கை இல்லை, ஆனால் கடல் இருக்கிறது.

நண்பர்கள் இருவரும் பாடும் புகழ்பெற்ற இருகுரல் பாட்டில் மட்டும் ஒரு சிக்கல் உண்டு. எல்லோரும் அறிந்த வடிவத்தின் இறுதியில், புல்லாங்குழலும் யாழும் ஏந்திவரும் முதல் மெட்டு மீண்டும் எழுகிறது. 1863இல் பிஸே எழுதியபடி அந்த மெட்டு அங்கே திரும்புவதில்லை. வேகமான வேறொரு பகுதியோடு பாட்டு முடிகிறது. அவர் இறந்தபின் பிறர் செய்த மாற்றம் அது. மூல வடிவத்தை மீட்டெடுத்த மேடையேற்றங்களை இசை அறிஞர்கள் விரும்புகிறார்கள். எனக்கு அந்தத் திருத்திய முடிவே பிடிக்கிறது. என் மகள் அறிஞர்கள் பக்கம்.