17(ஆ) குறிப்பாணையும் கைநழுவிய பேனலும்

துணை வட்டாட்சியர் பேனலுக்கு, அதாவது பதவி உயர்வுக்குத் தகுதியானவர்கள் பட்டியலுக்கு, விவரம் கேட்டுக் கடிதம் வந்திருந்த சமயம். பணிமூப்பில் என் பெயர் வரவேண்டிய இடத்தில்தான் இருந்தது. அப்போது பார்த்து 17(ஆ) குறிப்பாணையை, அதாவது குற்றச்சாட்டுக் கடிதத்தை, கொடுத்து ஒப்பம் வாங்கினார்கள். பல வருடத்துக்கு முந்தைய பட்டா மாறுதல் கோப்பு ஒன்றில், மூல ஆவணத்தைப் பார்க்காமலே நான் குறிப்பு வைத்தேனாம்.

வெளியில் இருப்பவர்களுக்காக ஒரு வரி: 1955ஆம் வருட ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகளில் 17(அ) என்றால் சிறு தண்டனைக்கான வழி. 17(ஆ) வேலையை விட்டு நீக்குவது வரை போகும். அது நிலுவையில் இருக்கும்வரை பேனலில் பெயர் ஏறாது, தள்ளிவைப்பார்கள். குற்றம் நிரூபணமாகும் முன்பே பாதித் தண்டனை கிடைத்துவிடுகிறது.

"ஒரு கண்டனத்தை வாங்கிட்டு முடிச்சுக்கப்பா" என்று இருக்கைக்கு இருக்கை ஆலோசனை. கண்டனமும் தண்டனைதான், பணிப்பதிவேட்டில் ஏறும், அடுத்த பேனலில் யாராவது அதைத் தூக்கிக் காட்டுவார்கள். சங்கத்து அண்ணன் ஒருவர்தான் உருப்படியாகச் சொன்னார்: "விளக்கம் அப்புறம் எழுதலாம் தம்பி, முதல்ல ஆவணத்தைக் கேளு. ஆனா வாய்தா மட்டும் கேட்காதே."

குறிப்பாணையோடு வந்த இணைப்பில் அவர்கள் நம்பியிருந்த ஆவணங்களின் பட்டியல் இருந்தது. அத்தனைக்கும் நகல் கேட்டேன். பட்டியலில் இல்லாத இரண்டையும் சேர்த்துக் கேட்டேன்: அந்தக் கோப்பு இருந்த இருக்கையின் தன்பதிவேடு (அந்த இருக்கைக்கு வந்த தாள்களையும் நடவடிக்கையையும் பதியும் ஏடு), பொறுப்பு ஒப்படைப்புப் பட்டியல். அலுவலகத் தபால் பிரிவில் கொடுத்து, நகலில் முத்திரையும் தேதியும் வாங்கிக்கொண்டேன். பதிவேடு கிடைக்கவில்லை என்று முதலில் பதில் வந்தது. பதிவறையில் எங்கே கட்டி வைத்திருப்பார்கள் என்று எங்களுக்குத் தெரியாதா? தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மனு போட்ட பிறகு கிடைத்துவிட்டது. குறிப்பு வைக்கப்பட்ட தேதிக்கு முன்பே நான் அந்த இருக்கையை ஒப்படைத்துவிட்டு வேறு பிரிவுக்குப் போயிருந்தது அதில் பளிச்சென்று இருந்தது. கோப்பில் இருந்த சுருக்கொப்பமும் என்னுடையது இல்லை.

விளக்கத்தைச் சுருக்கமாக எழுதினேன். ஒரு பத்தியில் மறுப்பு, அடுத்ததில் தேதிகள். வாய்மொழி விசாரணை வேண்டுமா என்று கேட்டிருந்தார்கள். வேண்டும் என்றே எழுதினேன். வேண்டாம் என்று எழுதிக் கொடுத்துவிட்டு, பிறகு சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்ய முடியவில்லையே என்று புலம்பியவர்களைப் பார்த்திருக்கிறேன்.

விசாரணை அலுவலர் நல்ல மனிதர். ஆனால் தேர்தல் பணி, மழை வெள்ளம், இடமாறுதல் என்று தேதி தள்ளிக்கொண்டே போனது. ஒவ்வொரு தள்ளிவைப்புக்கும் "நான் ஆஜரானேன், விசாரணை நடைபெறவில்லை" என்று ஒரு கடிதம் கொடுத்து வந்தேன். பிரேம்நாத் பாலி வழக்கில் 2015இல் உச்ச நீதிமன்றம் சொன்னதையும் அதில் சேர்த்தேன்: ஆறு மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டும், தவிர்க்க முடியாத நிலையிலும் ஒரு வருடத்தைத் தாண்டக்கூடாது. இதைப் படித்துவிட்டு யாரும் பதறி ஓடிவரவில்லை. ஆனால் தாமதம் என்னால் வந்ததில்லை என்பதற்குக் கோப்பிலேயே சாட்சி சேர்ந்தது.

அதற்குள் எனக்கு இளையவர்கள் இருவர் பதவி உயர்வில் போய்விட்டார்கள். ஒருவருக்கு நானே கோப்பு வைக்க வேண்டி வந்தது. அவர் சங்கடப்பட்ட அளவுக்கு நான் படவில்லை.

குற்றச்சாட்டு நிரூபிக்கப்படவில்லை என்று அறிக்கை வந்து, மேல்நடவடிக்கை கைவிடப்பட்டது. அந்த ஆணை வந்தால் பேனலில் பெயர் தானாக ஏறிவிடும் என்று இருந்துவிடக் கூடாது. மறுநாளே தனி மனு கொடுத்தேன். குற்றச்சாட்டிலிருந்து விடுபட்டவரை, இளையவர் உயர்வு பெற்ற நாளிலிருந்தே பரிசீலிக்க வேண்டும் என்று தமிழ்நாட்டு வழக்கான சி.ஓ.ஆறுமுகம் வழக்கிலேயே தீர்ப்பு இருக்கிறது. அதைச் சுட்டினேன். நான் இடம்பெறாமல் போன பேனலில் என் பெயரைச் சேர்த்து ஆணையிட்டார்கள், பணிமூப்பும் பழைய இடத்துக்கு வந்தது.

சம்பளத்தில்தான் இழுபறி. கருத்தியலாக, அதாவது கணக்கில் மட்டும் உயர்வு, இடைப்பட்ட காலத்துச் சம்பள நிலுவை கிடையாது என்று எழுதியிருக்கிறார்கள். 1991இன் ஜானகிராமன் தீர்ப்புப்படி, வேலை செய்யத் தயாராக இருந்தவரைத் தன் தவறின்றி நிர்வாகமே ஒதுக்கி வைத்திருந்தால் 'வேலை இல்லையேல் ஊதியம் இல்லை' என்பது பொருந்தாது. ஆனால் தாமதத்துக்கு ஊழியரே காரணமா என்றும் பார்ப்பார்கள். முத்திரை விழுந்த அந்தக் கடித நகல்கள் எல்லாவற்றையும் இணைத்து மேல்முறையீடு கொடுத்திருக்கிறேன்.