ஏற்காட்டில் குறைந்த கால் கிராம்

சேலத்தில் சரிபார்த்த எலக்ட்ரானிக் தராசை அப்படியே ஏற்காட்டுக்குக் கொண்டுபோனால் எடையைக் குறைத்துக் காட்டும். தராசு சர்வீஸ் செய்கிறவர்களுக்கு இது பழகிய விஷயம். தட்டில் வைத்த பொருள் எவ்வளவு விசையோடு அழுத்துகிறது என்பதைத்தான் இந்தத் தராசு அளக்கிறது. உயரம் கூடினால் ஈர்ப்பு குறையும், அளவும் குறையும். அதனால் மலையில் வேலை என்றால் சோதனை எடைக்கற்களையும் எடுத்துக்கொண்டுதான் கிளம்புவேன். மிளகு மூட்டைக்கு இந்த வித்தியாசம் பெரிதில்லை. ஆனால் சேலம் செவ்வாய்ப்பேட்டையில் கொலுசுக்கு வெள்ளி நிறுக்கிறவர்களுக்கு மில்லிகிராமும் பணம்தான்.

இந்தத் தொழில்தான் என்னை ஒரு பெரியவரிடம் கொண்டுபோய் விட்டது. ஓய்வுபெற்ற ஆசிரியர், ஏற்காட்டில் சின்னதாகக் காப்பித் தோட்டம் வைத்திருக்கிறார். ‘விண்ணழுத்தக் கொள்கை’ என்று ஒன்றைப் பல நோட்டுகளில் எழுதி வைத்திருந்தார். பூமி எதையும் இழுக்கவில்லை என்பது அவர் வாதம். எல்லாத் திசைகளிலிருந்தும் கண்ணுக்குத் தெரியாத துகள்கள் பாய்ந்து வருகின்றன. கீழிருந்து வருவதைப் பூமி மறைத்துவிடுகிறது, மேலிருந்து வருவது நம்மை அழுத்துகிறது, அந்த அழுத்தம்தான் எடை. கல்லூரிகளுக்கெல்லாம் அனுப்பிப் பார்த்திருக்கிறார். பதில் வரவில்லை.

நான் பி.எஸ்சி. இயற்பியல் படித்தவன். இந்த எண்ணம் பழையது என்று எனக்குத் தெரியும். 1690இலேயே ஃபாசியோ என்பவர் லண்டன் ராயல் சொசைட்டியில் இதைச் சொன்னார். அடுத்த நூற்றாண்டில் ஜெனிவாவின் லெசாஜ் இதற்காகவே வாழ்நாளைச் செலவிட்டார். 1875இல் இயற்பியலாளர் மேக்ஸ்வெல் ஒரு கேள்வி கேட்டார்: இவ்வளவு துகள்கள் மோதித் தங்கள் ஆற்றலை இழந்தால், அந்தச் சூட்டில் பூமி வெள்ளையாகப் பழுத்துப் போயிருக்க வேண்டாமா? சொன்னதும் பெரியவர் ஆர்வமாகிவிட்டார். தனக்கு முன்னால் இத்தனை பேர் யோசித்திருக்கிறார்கள் என்பதே அவருக்கு அப்போதுதான் தெரிந்தது. ஒரு பதில் கடிதம் போட்டிருந்தால் பல வருடங்களுக்கு முன்பே தெரிந்திருக்கும். இதில் எனக்கு வருத்தம் உண்டு.

“தம்பி, சந்திரசேகரையும் எடிங்டன் சபை நடுவில் கேலி செய்தாரே?” என்று கேட்டார். உண்மைதான். 1935இல் லண்டன் வானியல் கழகத்தில், இளம் வானியலாளர் சந்திரசேகரை அந்தத் துறையின் பெரும்புள்ளி எடிங்டன் கேலி செய்தார். 1983இல் சந்திரசேகருக்கு நோபல் பரிசும் வந்தது. ஆனால் கேலிக்கு ஆளானதால் அவர் சரியாகிவிடவில்லை. வெண்குறுமீன், அதாவது எரிந்து முடிந்து சுருங்கிய விண்மீன், சூரியனைப் போல ஏறக்குறைய 1.4 மடங்கு நிறையைத் தாண்டி நிலைக்காது என்று அவர் ஓர் எண்ணைக் கொடுத்தார். யார் வேண்டுமானாலும் போட்டுப் பார்க்கக்கூடிய கணக்கு அது. “சார், உங்கள் கொள்கை கொடுக்கிற எண் எது?” என்று கேட்டேன்.

நோட்டைப் புரட்டிக் காட்டினார். அந்தத் துகள்களைக் காற்றும் கொஞ்சம் தடுக்கும் என்பது அவர் சொந்தமாகச் சேர்த்தது. அப்படியென்றால் காற்று மெலிந்த மலைமேல் எடை கூட வேண்டும். சரி, சோதித்துவிடலாம் என்றேன். கூடினால் என்ன, குறைந்தால் என்ன என்பதை முன்கூட்டியே எழுதிக் கையெழுத்துப் போடலாம் என்றேன். தயங்காமல் போட்டார். அவர்மீது எனக்கு மரியாதை வந்தது அந்த இடத்தில்தான். அளவு வந்தபிறகு கொள்கையை வளைப்பது எளிது. வருவதற்கு முன்பே “இப்படி வந்தால் நான் சொன்னது தப்பு” என்று எழுதித் தர நெஞ்சுரம் வேண்டும்.

பத்து மில்லிகிராம் வித்தியாசத்தையும் காட்டும், காந்த விசையால் சமன் செய்யும் தராசைத் தேர்ந்தெடுத்தேன். உள்ளேயே எடைக்கல் வைத்துத் தானாகச் சரிசெய்துகொள்ளும் வகை இதற்கு உதவாது. போன இடத்துக்கு ஏற்பத் தன்னை மாற்றிக்கொண்டு வித்தியாசத்தையே மறைத்துவிடும். சேலத்தில் ஒரு கிலோ கல்லை வைத்துச் சரிபார்த்தேன். கொண்டை ஊசி வளைவுகளில் குலுங்காமல் இருக்கப் பெட்டியை மடியிலேயே வைத்துக்கொண்டேன். மேலே போனதும் மட்டம் பார்த்து, மின்சாரம் கொடுத்து, அந்தக் குளிருக்குத் தராசு பழகும்வரை இருவரும் காத்திருந்தோம். கல்லை வைத்தோம். கால் கிராமை ஒட்டிக் குறைந்தது. கீழே வந்து பார்த்தபோது பழைய அளவே வந்தது.

அவர் விடவில்லை. “நியூட்டன் கணக்குப்படி எவ்வளவு குறையணும்?” என்றார். சேலம் கடல் மட்டத்திலிருந்து சுமார் 280 மீட்டர், ஏற்காடு சுமார் 1,500. உயரத்தை மட்டும் வைத்துப் போட்டால் 380 மில்லிகிராம் குறைய வேண்டும். குறைந்ததோ அதில் மூன்றில் இரண்டு பங்குதான். “அப்போ நியூட்டனும் தப்புதானே?” என்றார். அருமையான கேள்வி. பெரியவருடைய அத்தனை நோட்டுகளிலும் இதற்கு இணையான ஒன்று இல்லை என்பேன்.

விடை காலடியிலேயே இருந்தது. நாம் வெறும் உயரத்தில் நிற்கவில்லை, சேர்வராயன் மலைமேல் நிற்கிறோம். ஆயிரம் மீட்டருக்கு மேல் தடிமனான அந்தப் பாறையும் நம்மைக் கீழே இழுக்கிறது. இழந்த எடையில் ஒரு பகுதியைத் திருப்பித் தருகிறது. 1735இல் தென் அமெரிக்காவுக்குப் போன பிரெஞ்சுக் குழுவைச் சேர்ந்த பியர் பூகேர், ஆண்டீஸ் மலையில் ஈர்ப்பை அளக்க ஊசலை ஆட்டிப் பார்த்துப் போட்டதும் இந்தக் கணக்குதான். காற்றுக்கும் இதில் சிறு பங்கு உண்டு: மலைக்காற்று கல்லைத் தாங்குவது குறைவு என்பதால் பதினைந்து மில்லிகிராம் போலக் கூடும். அது மிதப்பு விசை, அவர் சொன்ன தடுப்பு அல்ல.

ஒன்றை அவரிடம் மறைக்கவில்லை. இந்தச் சோதனையில் தோற்றது காற்றைப் பற்றிய பகுதி மட்டும்தான். துகள் தள்ளுகிறது என்ற மூல எண்ணத்தைத் தராசால் தோற்கடிக்க முடியாது, ஏனென்றால் தொலைவு கூடினால் ஈர்ப்பு எவ்வளவு குறையும் என்பதற்கு அதுவும் நியூட்டனுடைய அதே விதியைத்தான் தரும். மலையின் பங்கையும் அப்படியே விளக்கும். அதை விழவைப்பது மேக்ஸ்வெலின் சூடு. அப்புறம் இன்னொன்று: துகள்களுக்கு நடுவே ஓடும் பூமிக்கு முன்பக்கத்தில் மோதல் அதிகமாகி வேகம் குறைந்துகொண்டே வர வேண்டும். அப்படி எதுவும் நடக்கவில்லை.

காற்றைப் பற்றிய பக்கங்களைப் பெரியவர் குறுக்கே கோடு போட்டு அடித்துவிட்டார். ஓரத்தில் தேதியையும் தராசு காட்டிய அளவையும் எழுதி வைத்திருக்கிறார். சூட்டுக்கு மட்டும் பதில் தேடிக்கொண்டிருக்கிறார். கிடைக்காது என்பது என் எண்ணம், அவரிடமும் சொல்லிவிட்டேன். அடுத்து அரசு முத்திரைக்காகத் தராசைச் சரிபார்க்கப் போகும்போது அந்தக் கணக்கை இருவரும் சேர்ந்து உட்கார்ந்து போடுவதாக இருக்கிறோம்.