வரப்போரத்து நாற்றுமுடி

கும்பகோணம் பக்கம் நடவு முடிந்ததும் மிச்ச நாற்றுமுடி நாலைந்தை வரப்போரச் சேற்றிலேயே விட்டுவிட்டு வருவார்கள். நாற்று அழுகிப்போன இடத்தில் ஊன்ற அது வேண்டும். ஆல்பத்தில் சேராத பாட்டையும் ஒலிப்பதிவுக் கூடம் அப்படித்தான் வைத்திருக்க வேண்டும். பல கூடங்கள் அழித்துவிடுகின்றன.

சேராத பாட்டு மட்டமான பாட்டு என்றில்லை. அமெரிக்கப் பாடகி மடோனா 1998-இல் 'ரே ஆஃப் லைட்' ஆல்பத்தில் ஆளே மாறி வந்தார். அப்போது எழுதிய சில பாட்டுகள் வெளியே நின்றன. 'ஹேஸ் டு பி' ஜப்பான் பதிப்பில் கூடுதல் பாட்டாகப் போனது. 'லைக் எ ஃப்ளவர்' 2004-இல் இத்தாலியப் பாடகி லாரா பௌசினி குரலில் இத்தாலியப் பாட்டானது. 'கான் கான் கான்' 2025-இல்தான் முறையாக வெளிவந்தது, 27 வருடம்!

அத்தனை வருடம் கழித்து நம் ஊர்க் கணினியில் ஒரு பாட்டு திறக்குமா? ஒலிப்பதிவு மென்பொருளின் ப்ராஜெக்ட் ஃபைலை மட்டும் வைத்தால் திறக்காமல் போகலாம். அதோடு சேர்ந்து ஓடும் ப்ளக்இன் என்ற துணை மென்பொருளின் உரிமம் அதற்குள் செத்திருக்கும். ஒவ்வொரு ட்ராக்கையும் (ஒரு குரல் அல்லது ஒரு வாத்தியத்தின் தனிப் பதிவு) பாட்டின் பூஜ்ய நொடியிலிருந்து, ஒரே நீளத்தில், 48 கிலோஹெர்ட்ஸ் 24 பிட் வேவ் ஃபைலாக எடுக்க வேண்டும். நாலு நிமிட மோனோ ட்ராக் சுமார் 35 எம்பி. முப்பது ட்ராக் என்றால் ஒரு ஜிபி. இதற்கா இடமில்லை?

நாகஸ்வரம் இருந்தால் வேலை கூடும். 'இரண்டு கட்டை' என்று சுருதியை எழுதினால் போதாது. ஊத ஊதக் குழல் சூடேறிச் சுருதி கொஞ்சம் தூக்கும். முதல் டேக்கின் (ஒருமுறை வாசித்து எடுத்த பதிவு) பல்லவியோடு மூன்றாவது டேக்கின் சரணம் ஒட்டாது. அந்தந்த டேக்கின் ஆதார ஷட்ஜத்தை, அதாவது அடிப்படை 'ஸ'வை, ஹெர்ட்ஸில் குறித்துவைத்தால் பின்னால் சேர்க்கலாம். காதில் வேகம் காட்டும் 'க்ளிக்' ஒலி இல்லாமல் தவிலோடு எடுத்ததற்கு டெம்போ எண் எழுதுவது வீண். எந்த ஆவர்த்தனம் (தாளத்தின் ஒரு முழுச் சுற்று) எந்த நொடியில் தொடங்குகிறது என்று எழுதுங்கள்.

ஐப்பசி, கார்த்திகை ஈரத்தில் பழைய கேசட்டில் பூஞ்சை பூக்கும். அவசரப்பட்டு ஓட்டினால் பூஞ்சை நாடாவைப் படிக்கும் ஹெட்டில் ஏறி அடுத்த கேசட்டுக்கும் பரவும். ஹார்ட் டிஸ்க் இரண்டு பிரதி. ஒன்று வேறு ஊரில்.

பணமும் உண்டு. பாட்டு வெளியே நின்றாலும் வாசித்தவருக்கு அன்றைக்கே கூலி கொடுத்து, பின்னால் வெளியிடும் உரிமையை எழுதி வாங்கவேண்டும். அந்தத் தாளை ஸ்கேன் செய்து அதே ஃபோல்டரில் போடுங்கள். ஃபோல்டருக்கு மட்டும் 'கடைசி ஃபைனல் 2' என்று பெயர் வைக்காதீர்கள்.