மிச்சம் எட்டு மணி நேரம்

மே 10, 2025, சனி

நான் எழுதிவரும் மாயக்கதையின் கற்பனை உலகமான வேழவெளிக்கு மூன்று நிலாக்கள் என்று முதல் அத்தியாயத்திலேயே எழுதியாகிவிட்டது. சிட்டு, மேதி, மூத்தாள். மூன்றும் ஒன்றை ஒன்று மறைத்து ஒற்றை நிலாவாக நிற்கும் 'ஒருநிலா' இரவில்தான் கதையின் முடிச்சு. ஆயிரம் ஆண்டுக்கு ஒருமுறை வரும் என்று எழுதிவிட்டு நகர்ந்திருக்கலாம். மாயக்கதைகளில் அந்த ஆயிரத்தை யாரும் கேள்வி கேட்பதில்லை. ஆனால் நான் பகலில் மாங்கூழ் ஆலையில் கணக்கு எழுதுகிறவன். ரசீது இல்லாத தொகை போல அது உறுத்திக்கொண்டே இருந்தது.

எடைமேடைச் சீட்டின் பின்புறத்தில் போட்ட கணக்கு இது. பௌர்ணமி தொட்டு அடுத்த பௌர்ணமி வரை சிட்டுவுக்கு 11 நாள், மேதிக்கு 29, மூத்தாளுக்கு 83. மூன்றும் பகா எண்கள் என்பதால் பெருக்கினால் போதும்: 26,477 நாள். அங்கே ஆண்டுக்கு 360 நாள். ஆக 73 ஆண்டும் 197 நாளும். ஐந்து வயதில் பார்த்த பெண் எழுபத்தெட்டில் இன்னொருமுறை பார்க்கலாம், உயிரோடு இருந்தால். அரை ஆண்டுக்குச் சற்று மேல் மிஞ்சுவதால், ஒருமுறை விதைப்புக் காலத்தில் வந்தால் மறுமுறை அறுப்புக் காலத்தில் வரும். இது எனக்கு ரொம்பப் பிடித்திருக்கிறது.

மே 13, செவ்வாய்

காற்றோடு மழை. மின்சாரம் இல்லை. தோப்புக்காரர்கள் கீழே விழுந்த காயை எண்ணிக்கொண்டிருக்கிறார்கள். எழுதவில்லை.

மே 14, புதன்

ஓசூரில் படிக்கும் அக்கா மகன் போன் செய்தான். "எதற்கு மாமா இவ்வளவு சிக்கல்? 10, 20, 40 என்று வைத்துவிடுங்கள், நாற்பது நாளுக்கு ஒரு திருவிழா" என்றான். வியாழனின் நிலாக்களை எடுத்துச் சொன்னேன். கானிமீட் ஒரு சுற்று முடிக்கும் நேரத்தில் யூரோப்பா இரண்டு சுற்றும், அயோ நான்கு சுற்றும் முடிக்கின்றன. இத்தனை ஒழுங்கு இருந்தும் மூன்றும் ஒரே பக்கத்தில் ஒரே கோட்டில் நிற்பதே இல்லை. இரண்டு சேரும்போது மூன்றாவது வேறெங்கோ இருக்கும்படி அந்த ஒழுங்கே பார்த்துக்கொள்கிறது. "அப்படியானால் சேரவே முடியாத மூன்று காதலர்கள் கதை எழுதுங்கள்" என்றான். இந்த வயதில் அவனுக்கு வேறு என்ன தோன்றும்!

மே 18, ஞாயிறு

கதைக்குள் ஊர் எப்படிப் பயப்படும் என்று தெரிய வேண்டியிருந்தது. மார்ச் 29 அன்று மீன ராசியில் ஆறு கிரகம் கூடியபோது கைபேசிக்கு வந்த எச்சரிக்கைகள் இன்னும் அழியாமல் இருக்கின்றன. ஆனால் அவற்றில் அச்சத்தைவிட விளம்பரம்தான் அதிகம். நிஜமான அச்சம் 1962 பிப்ரவரியில் இருந்தது. சூரியன், சந்திரன், செவ்வாய், புதன், குரு, சுக்கிரன், சனி, கேது எட்டும் மகரத்தில் கூடின. உலகம் அழியும் என்று நாடு முழுவதும் யாகங்கள் நடந்தன.

பக்கத்து வீட்டு ஆயாவுக்கு அப்போது பத்துப் பன்னிரண்டு வயது. திண்ணையில் முறத்தைத் தட்டிக்கொண்டே சொன்னார். கடைசி நாள் என்று ஊரில் சிலர் வைத்திருந்த கோழிகளை எல்லாம் அறுத்துத் தின்றுவிட்டார்கள். அவருடைய அம்மா மட்டும் நேர்மாறாக, அழிவு வந்தால் திரிகை சுற்ற நேரம் இருக்காது என்று இருந்த கேழ்வரகை முழுவதும் அரைத்துக் குதிரில் கொட்டிவிட்டார்.

"அப்புறம் என்ன ஆயிற்று ஆயா?"

"என்ன ஆகும்? மாவில் புழு வைத்தது. சித்திரை வரைக்கும் சலித்துச் சலித்துக் களி கிண்டினோம்."

இதைக் கதையில் அப்படியே வைக்கப் போகிறேன். உலகம் அழிந்தாலும் களிக்கு மாவு வேண்டும் என்று நினைத்த அந்த அம்மாவை என் அரசவையில் ஒருவராலும் மிஞ்ச முடியாது.

மே 25, ஞாயிறு

கதை இன்று புரண்டு படுத்தது. பௌர்ணமி என்றால் சூரியன் நமக்குப் பின்னால், நிலா முன்னால். நம் நிலாவின் பாதை ஏறக்குறைய 5 பாகை சாய்ந்திருப்பதால் பெரும்பாலான பௌர்ணமிகளில் அது பூமியின் நிழலுக்கு மேலாகவோ கீழாகவோ தப்பிவிடுகிறது. நிலாவின் பாதையும் வானில் சூரியன் போகும் பாதையும் வெட்டிக்கொள்ளும் முனையில் மட்டும் சிக்கும். அந்த இரு முனைகளுக்குத்தான் நம்மவர்கள் ராகு, கேது என்று பெயர் வைத்தார்கள்.

என் மூன்று நிலாக்களுக்கும் வெவ்வேறு சாய்வு. மூன்றும் அச்சாக ஒன்றை ஒன்று மறைக்க வேண்டுமானால் எல்லாப் பாதைகளும் வெட்டும் முனையில் நிற்க வேண்டும். பௌர்ணமியன்று அந்த முனையில் நின்றால்? வேழவெளியின் நிழல் மூன்றின்மேலும் விழும். மூன்று நிலாவும் சேர்ந்து பகலாக எரியும் என்று ஊரே காத்திருக்கும் இரவில், காற்று மண்டலம் வளைத்து அனுப்பும் கொஞ்சம் செவ்வொளி தவிர ஒன்றும் இருக்காது. (அந்தச் சிவப்பைப் பார்க்க விரும்புகிறவர்கள் செப்டம்பர் 7 இரவு மொட்டைமாடிக்குப் போகலாம். முழுச் சந்திர கிரகணம்.)

சோதிடர்கள் 'பேரொளி' என்று பாடி வைத்திருக்கிறார்கள். ஒரு கிழவி மட்டும் இருட்டும் என்கிறாள்.

ஜூன் 1, ஞாயிறு

கிழவிக்கு மட்டும் எப்படித் தெரியும்? மற்ற முதியவர்கள் ஏன் பார்க்கவில்லை? பதில் நம் கிரகணங்களிலேயே இருக்கிறது. ஒரு கிரகணம் 18 ஆண்டு, சுமார் 11 நாள், 8 மணி நேரம் கழித்து அதே சாயலில் திரும்பி வரும். அந்த 8 மணி நேரத்தில் பூமி மூன்றில் ஒரு பங்கு சுழன்றுவிடுவதால் மேற்கே வேறொரு நாட்டுக்கு அது போய்விடும். 1962இல் எட்டுக் கிரகங்கள் கூடியபோது நேர்ந்த முழுச் சூரிய கிரகணம் பப்புவா நியூகினிப் பக்கம் தெரிந்தது. அதன் அடுத்த வருகை 1980 பிப்ரவரி 16. கர்நாடகம், ஆந்திரம் வழியாகப் போனது. 1998இல் கரீபியன் தீவுகள். 2016இல் இந்தோனேசியா, கிட்டத்தட்ட பழைய இடம்.

ஆகவே என் 26,477 நாளோடும் எட்டு மணி நேரத்தைச் சேர்த்துவிட்டேன். ஒருநிலா ஒவ்வொரு முறையும் மூன்றில் ஒரு பங்கு மேற்கே நகரும். அதே நாட்டுக்குத் திரும்ப ஏறக்குறைய 220 ஆண்டு. கிழவி கிழக்கு நாட்டில் பிறந்து, பஞ்சத்தில் மேற்கே பிழைக்க வந்தவள். அவளை விட்டால் சாட்சி, எல்லையில் நிற்கும் ஒரு நடுகல்தான். நம் மாவட்டத்து நடுகற்களில் சூரியனும் பிறைச் சந்திரனும் இருக்கும் இடத்தில் இதில் வட்டத்துக்குள் வட்டத்துக்குள் வட்டம். உள்வட்டத்தைச் சிற்பி நிரப்பிக் கொத்தியிருக்கிறான். அரண்மனைப் புலவர்கள் அதைச் சிதைவு என்கிறார்கள்.

அரசிக்கு இரண்டு பஞ்சாங்கம் தருகிறேன். நம் ஊரில் சனிப்பெயர்ச்சி திருக்கணிதப்படி இந்த மார்ச்சிலேயே முடிந்துவிட்டது, வாக்கியப்படி 2026இல்தான். இரண்டுக்கும் பரிகாரம் செய்கிறவர்கள் என் தெருவிலேயே இருக்கிறார்கள். ஒரு ராஜ்யத்தில் இது நடந்தால் வரி, படையெடுப்பு, பட்டாபிஷேகம் எல்லாம் இரண்டு தேதிக்கு இழுபடும்.

ஜூன் 5, வியாழன்

சபைக் காட்சி முடிந்தது. கிழவிக்கு வசனம் குறைவு. "ஒளி வரும் என்று விளக்குகளை அணைக்கச் சொல்லியிருக்கிறீர்கள் அம்மா. எண்ணெய் எடுத்து வைக்கச் சொல்லுங்கள்." அரசி அவளைச் சிறையில் போடவில்லை, நம்பவும் இல்லை. சமையல்கட்டுக்கு அனுப்பிவிடுகிறாள். அங்கே மாவு அரைக்கிறார்கள்.

அக்கா மகன் படித்துவிட்டு, அந்த இருட்டில் என்ன நடக்கும் என்று நச்சரிக்கிறான். திங்கள் முதல் ஆலைக்கு பெங்களூரா மாங்காய் லாரிகள் வரத் தொடங்கும். அரசியும் சமையல்கட்டும் ஆகஸ்ட் வரை காத்திருக்கட்டும்.