சொட்டு நீலம் இல்லை அம்மா

இன்று காலை லேபில் இன்குபேட்டரைத் திறந்தால் தட்டு முழுக்க நீலப் புள்ளிகள். நேற்று ராத்திரி 37 டிகிரியில் விட்டுவந்த ஈ.கோலை பாக்டீரியாக்கள். பெங்களூரு அல்சூர் வீட்டில் அம்மாவிடம் போட்டோவைக் காட்டினேன். "என்னடி இது, சொட்டு நீலமா?"

சரி, அம்மாவுக்குச் சொன்னதை இங்கேயும் சொல்கிறேன். பாலில் இருக்கும் சர்க்கரை லாக்டோஸ். அதை உடைக்கும் நொதிக்கான மரபணு இந்தக் கிருமியிடம் எப்போதும் உண்டு. ஆனால் லாக்டோஸ் இல்லாதபோது ஒரு புரதம் டி.என்.ஏ. மேல் உட்கார்ந்து வழியை மறித்துக்கொள்ளும். லாக்டோஸ் வந்தால் அதில் கொஞ்சம் அல்லோலாக்டோஸாக மாறும். அந்தக் குட்டி மூலக்கூறு போய் ஒட்டியதும் புரதத்தின் வடிவம் லேசாக மாறும், பிடி தளரும், மரபணு வேலையைத் தொடங்கும். லாக்டோஸ் தீர்ந்ததா? புரதம் பழைய இடத்திலேயே வந்து உட்காரும். என்ன ஒரு சிக்கனம்! 1961இல் பிரெஞ்சு விஞ்ஞானிகள் ஜேக்கப்பும் மோனோவும் இதை விளக்கினார்கள், 1965இல் நோபல்.

நான் தட்டில் போட்டது ஐ.பி.டி.ஜி. என்ற, அல்லோலாக்டோஸ் மாதிரியான ஒரு செயற்கைப் பொருள். அதுவும் அந்தப் புரதத்தில் ஒட்டும், ஆனால் செல்லால் அதைத் தின்ன முடியாது. அதனால் மரபணு திறந்தே கிடக்கும். கூடச் சேர்த்த எக்ஸ்-கால் என்ற நிறமில்லாத பொருளை நொதி வெட்டும்போதுதான் இந்த நீலம்.

அடுப்பில் பாலைப் பார்த்துக்கொண்டே அம்மா கேட்டார்: "குளுக்கோஸும் இருந்தா எதை முதல்ல சாப்பிடும்?"

எவ்வளவு சரியான கேள்வி! குளுக்கோஸைத்தான். அது இருக்கும்வரை லாக்டோஸ் மரபணு மந்தமாகவே இருக்கும். நாளை ஒரு தட்டில் குளுக்கோஸும் சேர்த்து வைக்கிறேன். நீலம் எவ்வளவு வெளிறுகிறது என்று அம்மாவுக்குக் காட்டணும்.