ஏழாயிரம் டாலரும் சத்தம் போடும் கேமராவும்

அமெரிக்க இயக்குநர் ராபர்ட் ரோட்ரிகஸ் 7,000 டாலரில் 'எல் மரியாச்சி' (1992) படத்தை எடுத்தார் என்பது எல்லோருக்கும் தெரியும். படம் எடுக்க நினைப்பவர்கள் பார்க்க வேண்டியது, அந்தக் காசில் எப்படி முடித்தார் என்பதை.

படப்பிடிப்பு மெக்சிகோவின் சியுதாத் அகுன்யாவில், 14 நாள். நாயகனாக நடித்த கார்லோஸ் கயார்தோவின் சொந்த ஊர். மதுக்கடை, சிறை, பஸ், ஆமை, நாய் என்று அங்கே ஓசியில் கிடைப்பதையெல்லாம் முதலில் எழுதி வைத்துக்கொண்டு, பிறகுதான் கதை பண்ணினார்.

கேமரா இரவல் வாங்கிய ஆரிஃப்ளெக்ஸ் 16எஸ். ஓடும்போது தையல் மிஷின் மாதிரி கடகடக்கும்; கூடவே ஒலிப்பதிவு செய்ய வழியில்லை. அதனால் ஷாட் முடிந்ததும் கேமராவை நிறுத்திவிட்டு, மைக்கை நடிகரின் வாயருகே கொண்டுபோய், அதே வசனத்தைத் திரும்பப் பேசவைத்து டேப்பில் பிடித்தார். மைக் பக்கத்திலேயே இருந்ததால் குரல் தெளிவாக விழுந்தது. நடித்தவர்கள் பெரும்பாலும் ஊர்க்காரர்கள், எத்தனை தடவை கேட்டாலும் தங்கள் இயல்பான வேகத்திலேயே பேசினார்கள். இருந்தாலும் சில வினாடிகளில் உதடும் குரலும் விலகிவிடும். விலகும் இடத்தில் வெட்டி, கேட்பவர் முகத்துக்கோ நாய்க்கோ போய்விடுவார். அந்தப் படத்தின் வேகமான எடிட்டிங் இப்படிப் பிறந்ததுதான். இன்றைக்கு மொபைலில் குறும்படம் எடுப்பவர்களுக்கும் இதைவிட நல்ல பாடம் எனக்குத் தெரியவில்லை.

16 எம்எம் ஃபிலிமில் 100 அடிச் சுருள் மூன்று நிமிடம்கூட ஓடாது. ஆகவே பெரும்பாலும் ஒரே டேக். பாதியில் சொதப்பினால் கோணத்தை மாற்றி, விட்ட இடத்திலிருந்து தொடர்வார். இயந்திரத் துப்பாக்கி வெற்றுத் தோட்டாவில் ஒரு வெடிக்கே சிக்கிக்கொண்டது. பல கோணங்களில் ஒவ்வொரு வெடியாக எடுத்து ஒட்டி, மேலே தொடர் சத்தம் போட்டார். கேமராவை நகர்த்தும் ட்ராலிக்குப் பதில் சக்கர நாற்காலி. வெளிச்சத்துக்கு விளக்கு இரண்டு.

ஃபிலிமை வெட்டாமல் வீடியோவுக்கு மாற்றி எடிட் செய்ததில் பெரிய தொகை மிச்சம். ஆனால் ஹாலிவுட் நிறுவனமான கொலம்பியா படத்தை வாங்கியபோது திரையரங்கில் ஓட்ட ஃபிலிம் பிரதி இல்லை. திரையரங்குக்கான 35 எம்எம் ஃபிலிமுக்கு மாற்றவும் ஒலியைச் சீராக்கவும் அவர்கள் செலவிட்டது 7,000-ஐப் போலப் பல மடங்கு. குறைந்த பட்ஜெட் கணக்குப் போடுகிறவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள்.

பிறகு பெரிய படங்களிலும் ஒளிப்பதிவு, எடிட்டிங், இசையை அவரே பார்த்தார். 'சின் சிட்டி'யில் (2005) மூலக் காமிக்ஸை உருவாக்கிய ஃபிராங்க் மில்லர் பெயரையும் இயக்குநராகப் போட அமெரிக்க இயக்குநர்கள் சங்கத்தின் விதி இடம் தராததால், அந்தச் சங்கத்தைவிட்டே விலகினார். 2019-இல் திரையிடப்பட்ட 'ரெட் 11' படத்தைத் தன் பிள்ளைகளோடு சேர்ந்து எடுத்தார். அதே 7,000 டாலர், அதே 14 நாள். கதை, முதல் படத்துக்குக் காசு சேர்க்க அவர் உடம்பைக் கொடுத்த மருந்துப் பரிசோதனைக் கூடத்தில் நடக்கிறது.