சுது சீயா

கொழும்பு மருதானைத் தேத்தண்ணிக் கடை டிவியில் இன்று பழைய சிங்களத் தொடர் ‘தூ தருவோ’ ஓடியது. பிளேன்டீயை ஆற்றிக்கொண்டிருந்த கடைக்காரர் கை அப்படியே நின்றது. “சுது சீயா” என்றார், தொடரில் வரும் அந்தத் தாத்தாவை, சொந்தத் தாத்தாவைக் காட்டுவதுபோல.

எனக்கு அவர், அந்த வேடத்தில் நடித்த சிங்கள நடிகர் ஹென்றி ஜயசேன.

1963இல் ‘கம்பெரலிய’ படத்தில் நாயகி நந்தாவுக்கு ஆங்கிலம் சொல்லிக்கொடுக்க வரும் பியல். பேச்சு கொஞ்சம், ஆசை முழுக்கக் கண்ணில். (சத்தம் போடாமல் நடிப்பவர்கள்மேல் எனக்கு எப்பவும் ஒரு பட்சபாதம்.)

1967இல் ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்டின் ‘வெண்கட்டி வட்டம்’ நாடகத்தைச் சிங்களமாக்கி, இயக்கி, நீதிபதி அஸ்டக்காகத் தானே மேடையேறினார். பெற்றவளுக்கு அல்ல, வளர்த்தவளுக்கே பிள்ளை என்று தீர்ப்புச் சொல்லும் குறும்புக்கார நீதிபதி.

2009இல் போய்விட்டார்.

கடைக்காரர் சத்தத்தைக் கூட்டினார். என் பிளேன்டீ இன்னும் அவர் கையில்தான்.